வேலிக்குள் நின்ற வெளிமான்

அன்புள்ள ஆசிரியருக்கு,

டெக்சாஸ் மாநிலத்தில் சான் அன்டோனியோவில் ஒன்பது ஆண்டுகளாக வசிக்கிறேன். எங்கள் பக்கத்து வீட்டுக்காரர் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். நாங்கள் இங்கே வந்த நாள் முதல் எங்களுக்கு மூத்த உறவினரைப் போல் இருப்பவர். சென்ற மாதம் அவர் வீட்டுச் சுவரில் புதிதாக ஒரு வெளிமான் தலை, திருகிய கொம்புகளோடு, பதப்படுத்தி மாட்டப்பட்டிருந்தது. சிறுவயதில் அப்பாவோடு கோடியக்கரையில் பார்த்த அதே மான். ஒரு பண்ணைக்குச் சில ஆயிரம் டாலர் கட்டிச் சுட்டதாகச் சொன்னார். என் முகம் மாறியதைக் கவனித்து, "இப்படிப் பணம் கொடுத்துச் சுடுகிறவர்கள் இருப்பதால்தான் இந்த மான் இங்கே இவ்வளவு பெருகியிருக்கிறது. நீ ஆட்டுக்கறி சாப்பிடுகிறாய், உனக்கும் எனக்கும் என்ன வேறுபாடு?" என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. வரும் நவம்பரில் வேட்டைக்குத் தன்னோடு வரும்படி அழைத்திருக்கிறார். போகலாமா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

உங்கள் நண்பர் தந்த தகவலில் பிழையில்லை. அதை முதலில் ஒப்புக்கொள்ளாமல் அவரோடு வாதிடுவது நேர்மையாகாது. 1930களில் டெக்சாஸின் எட்வர்ட்ஸ் பீடபூமிப் பண்ணைகளுக்குக் கொண்டுசெல்லப்பட்ட வெளிமான்கள் அங்கே பெருகின. நம் துணைக்கண்டத்தில் துப்பாக்கியும் விரிந்துகொண்டே போன உழவும் அவற்றை ஒடுக்கிவிட்டிருந்தன. பாகிஸ்தானில் அற்றுப்போன அந்த இனத்தை லால் சுஹான்ரா பூங்காவில் மீண்டும் வளர்க்க முனைந்தபோது டெக்சாஸிலிருந்து மான்கள் அனுப்பப்பட்டன. வாள்போல் வளைந்த கொம்புடைய சகாரா ஓரிக்ஸ் என்னும் மானினம் காட்டில் அழிந்துவிட்டதாக 2000இல் அறிவிக்கப்பட்டது, ஆனால் டெக்சாஸ் பண்ணைகளில் அது தொடர்ந்து வாழ்ந்தது. அமெரிக்காவில் 1937இல் வந்த ஒரு சட்டத்தின்படி, வேட்டைத் துப்பாக்கிக்கும் தோட்டாவுக்கும் விதிக்கப்படும் 11 விழுக்காடு வரி காட்டுயிர்ப் பாதுகாப்புக்குச் செல்கிறது. இவற்றையெல்லாம் மறைத்துவிட்டு வேட்டைக்காரர்கள் அனைவரையும் கொடியவர்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஆனால் இவை, ஓர் அரசு வேட்டையை அனுமதிக்கலாமா என்ற கேள்விக்கு உரிய விடைகள். அந்த மானைச் சுட்டதில் உங்கள் நண்பர் அடைந்த மகிழ்ச்சி சரியானதா என்பதே உங்களை உறுத்துகிறது. அதற்கு இந்தக் கணக்கில் விடை இல்லை.

கறி உண்ணும் கேள்வியைத் தட்டிக்கழிக்க முடியாது. நானும் உண்பவன்தான். திறந்த வெளியில் மேய்ந்து ஒரே குண்டில் விழும் மான், நாம் வாங்கும் பிராய்லர் கோழியை விட நல்ல வாழ்வு வாழ்ந்திருக்கிறது. வலியை மட்டும் அளவுகோலாகக் கொண்டால் உங்கள் நண்பர் நம்மை விட மேலானவராகவே இருப்பார். என் தட்டில் இருப்பதற்கு நான் என்றாவது பதில் சொல்லியாக வேண்டும், அந்தக் கடன் எனக்கு இருக்கிறது. ஆயினும் என் கடன் அவருடைய செயலை நியாயப்படுத்திவிடாது. கசாப்புக் கடைக்காரர் ஆட்டின் தலையை வீட்டுச் சுவரில் மாட்டுவதில்லை. கொல்லாமலே அதே கறி கிடைக்குமானால், கடைக்குப் போகும் நமக்கு இழப்பு ஏதுமில்லை. சுவரில் மாட்டுவதற்காகச் சுடுகிறவருக்கோ கொல்லாமல் கிடைக்கும் தலை பயன்படாது, ஏனெனில் அவர் தேடிப் போனதே அந்தக் கணத்தை. ஓர் உயிரின் முடிவையே இன்பப் பொருளாக்கிக்கொள்வது என்பது, ஒரு தேவையை நிறைவேற்றும்போது அதனோடு சேர்ந்து நேரும் கொலையிலிருந்து வேறான ஒன்று. ஆட்டுக்கு இந்த வேறுபாட்டால் எந்த நன்மையும் இல்லை என்பது உண்மைதான். நமக்கு இருக்கிறது என்று நான் நம்புகிறேன்.

வேட்டைக்காரர்கள் தங்களுக்குள் வகுத்துக்கொண்ட அறமும் இதை உணர்ந்தே இருக்கிறது. 1902இல் மிசிசிப்பியில், குடியரசுத் தலைவர் தியோடர் ரூஸ்வெல்ட் சுடுவதற்காக ஒரு கரடியைப் பிடித்து மரத்தில் கட்டி வைத்தார்கள். கட்டிய விலங்கைச் சுடுவது வேட்டை ஆகாது என்று அவர் மறுத்துவிட்டார். டெடி பொம்மைக்குப் பெயர் வந்தது இந்நிகழ்ச்சியிலிருந்துதான். கதை பெரும்பாலும் இந்த இடத்தோடு நிறுத்தப்படுகிறது. அடிபட்டுக் கிடந்த அந்தக் கரடியின் துன்பத்தை முடிக்கும்படி அவர் சொல்ல, பிறகு அதைக் கத்தியால் கொன்றார்கள். சுடுகிறவரின் கண்ணியம் காப்பாற்றப்பட்டது, கரடி காப்பாற்றப்படவில்லை. எனக்கு இந்த அறத்தின் மேல் மதிப்பு உண்டு, அதன் எல்லையும் இந்நிகழ்ச்சியிலேயே தெரிகிறது. ரூஸ்வெல்ட் நிறுவிய பூன் அண்ட் கிராக்கெட் சங்கம், தப்ப வழியில்லாத வேலிக்குள் சுடப்பட்ட விலங்கைத் தன் பதிவேட்டில் சேர்ப்பதில்லை.

டெக்சாஸில் பல பண்ணைகளில் உயரமான வேலியும், குறித்த நேரத்தில் தானாக மக்காச்சோளத்தை இறைக்கும் தீனிக் கருவியும் உண்டு. கருவி சுழலும் ஓசை கேட்டதும் மான்கள் வந்து சேரும். எதிரே மறைப்புக்குள் பணம் கட்டியவர் காத்திருப்பார். தீனி வைத்துப் பழக்குவது ஒரு வாக்குறுதி. வளர்த்த ஆட்டை அறுக்கும் வீட்டுப் பெண்கள் அன்று முழுதும் வாய்விட்டுப் பேசாமல் இருப்பதை எங்கள் ஊரில் பார்த்திருக்கிறேன். அந்த வாக்குறுதி முறிவதன் பாரம் அது. அதே முறிவை விலைப்பட்டியலில் போட்டு விளையாட்டாக விற்கும்போது அந்தப் பாரமும் மறைந்துவிடுகிறது.

இதை அமெரிக்கர்களின் குறை என்று ஒதுக்கிவிடவும் கூடாது. நீலகிரியில் ஆங்கிலேய வேட்டைக்காரர்கள் 1877இல் வேட்டை விலங்குகளைக் காக்கச் சங்கம் அமைத்து, 1879இல் அதற்கான சட்டமும் பெற்றார்கள். வரையாடு இன்று நம்மிடம் எஞ்சியிருப்பதில் அவர்களுக்கும் பங்கு உண்டு. அதே அறத்தின் பார்வையில், பொழுதுபோக்குக்காகச் சுட்ட துரை கண்ணியவானாகவும், வயிற்றுக்காகக் கண்ணி வைத்த மலைவாசி கொடியவனாகவும் ஆனார்கள். யார் எதற்காகக் கொன்றார்கள் என்ற கேள்வியைத் தலைகீழாக்கிய இந்தத் தீர்ப்பை என்னால் ஏற்க முடிவதில்லை.

பணத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். 2014இல் டல்லாஸில் ஒரு வேட்டைச் சங்கம், நமீபியாவில் ஒரு கறுப்புக் காண்டாமிருகத்தைச் சுடும் உரிமையை 3,50,000 டாலருக்கு ஏலம் விட்டது. தொகை காண்டாமிருகப் பாதுகாப்புக்கு என்றார்கள். காண்டாமிருகத்தின் மேல் உண்மையான அன்பிருந்தால் சுடாமலே கொடுத்திருக்கலாமே என்று கேட்கத் தோன்றும், கேட்பது நியாயமும்கூட. ஆனாலும் நமீபியா அந்த அனுமதியைத் தரவே கூடாது என்று இங்கே உட்கார்ந்துகொண்டு நான் சொல்ல மாட்டேன். பயிரை யானை மிதிப்பதையும் கால்நடையைச் சிங்கம் அடிப்பதையும் தாங்கிக்கொண்டு காட்டு விலங்குகளோடு வாழ்கிறவர்கள் அங்குள்ள மக்கள். கென்யா 1977இல் வேட்டையைத் தடைசெய்த பிறகும் அங்கே காட்டு விலங்குகள் பெருமளவு குறைந்தன. வேட்டைப் பணத்துக்கு ஈடாக வேறு பணம் தர முன்வராத ஒருவர் தடையை மட்டும் கோரினால், அதன் விலையை அந்த மக்கள் தலையில் கட்டுகிறார். சட்டத்தைப் பற்றி எனக்கு இத்தனை தயக்கம் உண்டு. தனி மனிதர் ஒருவர் தன் மகிழ்ச்சிக்காக எதைச் செய்யலாம் என்பதில் இல்லை.

நவம்பருக்கு வருகிறேன். தெற்கு டெக்சாஸ் புதர்க்காட்டில், வேலியில்லாத நிலத்தில், வீட்டுக்குக் கறியாகும் ஒரு வெள்ளைவால் மானைத் தேடி அவர் போவதானால், விருப்பமிருந்தால் உடன் போங்கள். ஓநாய்களை ஒழித்துவிட்ட அந்த நிலத்தில் மான்களின் பெருக்கத்துக்கு மனிதர்களே பொறுப்பு. நம் தட்டில் விழும் உயிர் எப்படி விழுகிறது என்று ஒருமுறை நேரில் நின்று பார்ப்பதில் தவறில்லை. காயம்பட்ட மானை அவர் இருட்டும் வரை தேடுகிறவரா என்பதையும் பார்த்துக்கொள்ளலாம். வெளிமானுக்காகப் பண்ணைக்கு அழைத்தால் போக வேண்டாம். போகாததன் காரணத்தைச் சுற்றி வளைக்காமல் அவரிடமே சொல்லுங்கள், இத்தனை ஆண்டுப் பழக்கத்தில் அதைக் கேட்கும் உரிமை அவருக்கு உண்டு. கோடியக்கரையில் அப்பாவோடு நின்று அந்த மானைப் பார்த்த காலையையும் சொல்லுங்கள். அவர் என்ன பதில் சொன்னார் என்று எனக்கு எழுதுங்கள்.