துணை வேடங்களிலேயே டெல்லி கணேஷ் இத்தனை ஆண்டுகள் எப்படி நிலைத்து நின்றார்?

என் கணிப்பில், நாடகப் பயிற்சியும் எந்த வேடத்தையும் சின்னது என்று நினைக்காத குணமும்தான் காரணம். விமானப்படையில் பத்தாண்டுகள் இருந்தவர். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பாலசந்தர் 'பட்டினப் பிரவேசம்' படத்தில் அறிமுகப்படுத்தி, இந்தப் பெயரையும் வைத்தார்.

1985-இல் 'சிந்து பைரவி'யில் குடிப்பழக்கம் உள்ள மிருதங்க வித்துவான். 1989-இல் 'அபூர்வ சகோதரர்கள்' படத்தின் நான்கு வில்லன்களில் ஒருவர். அடுத்த ஆண்டே 'மைக்கேல் மதன காம ராஜன்' படத்தில் பாலக்காட்டு சமையல்காரர் மணி ஐயர்! கல்யாண சாம்பாரில் மீன் விழுந்த காட்சியை மறுபடி பாருங்கள். அவர் சிரிக்க வைக்க முயல்வதே இல்லை; மானம் போகப்போகிறதே என்று நிஜமாகவே பதறுகிறார். அதனால்தான் நமக்குச் சிரிப்பு வருகிறது. கமல் அத்தனை வேடம் கட்டிய படத்தில் இவரும் மனதில் நிற்பது லேசான காரியமா?

அப்புறம் சின்னத்திரை. 'கஸ்தூரி', 'செல்லமே' போன்ற தொடர்கள் வழியாக வீட்டுக்குள்ளேயே வந்துவிட்டார். 400 படங்களுக்கு மேல் நடித்த அவர் 2024 நவம்பரில், 80 வயதில் காலமானார்.