வேட்டைநாய்ப் புனிதர் – கடிதம்

அன்புள்ள ஐயா,

உங்கள் தளத்தைத் தொடர்ந்து படிப்பவன், எழுதுவது இதுதான் முதல்முறை. கொஞ்ச நாளாக ஐரோப்பிய மதவரலாறு பற்றிய வீடியோக்களாகப் பார்த்துத் தள்ளுகிறேன். டிசம்பர் 25 ரோமானியச் சூரியனின் பிறந்தநாள். ஈஸ்டர் பாபிலோனிய இஷ்தார் தெய்வத்தின் விழா. நவம்பர் 1 சகல புனிதர் திருநாள், கெல்டிக் மக்களின் சாவின் பண்டிகை. கிறிஸ்துமஸ் மரம் ஜெர்மானியக் காட்டு வழிபாடு. இப்படி ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே போனால் கிறிஸ்தவம் என்று மிஞ்சுவது என்ன? எல்லாம் கிறிஸ்தவத்துக்கு முந்தைய பாகன் மதங்களிடம் திருடியதுதானே? இதை அலுவலகத்தில் ஒரு கத்தோலிக்க நண்பரிடம் சொன்னேன். அவர் மறுத்துப் பேசவில்லை, முகம் மட்டும் வாடிவிட்டது. இப்போதெல்லாம் மதியச் சாப்பாட்டுக்கு என்னோடு வருவதில்லை. உண்மையைச் சொன்னதில் என்ன தவறு?

கதிர்

அன்புள்ள கதிர்,

உங்கள் கடிதம் வந்த வாரம் முழுக்க நான் ஒரு நாயைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தேன். 13ஆம் நூற்றாண்டு நாய். அதற்கு வருகிறேன். முதலில் உங்கள் பட்டியலை முடித்துவிடுவோம், எனக்கு அதில் பெரிய ஆர்வமில்லை.

டிசம்பர் 25. ரோமில் 354ஆம் ஆண்டு தொகுக்கப்பட்ட ஒரு நாட்காட்டித் தொகுப்பு இருக்கிறது. அதில் ஒரு பக்கம் அந்தத் தேதிக்கு நேராக ‘வெல்லப்படாதவனின் பிறந்தநாள்’ என்றும் முப்பது தேர்ப்பந்தயங்கள் என்றும் இருக்கிறது. இன்னொரு பக்கம் அதே தேதியில் கிறிஸ்து யூதேயாவின் பெத்லகேமில் பிறந்தார் என்று இருக்கிறது. ரோமப் பேரரசர் அரேலியன் சூரியனுக்குப் பெரிய கோயில் கட்டியது 274இல். ஆனால் சூரியனுக்கு அந்தத் தேதியில்தான் விழா என்பதற்கு நம் கையில் இருக்கும் பழைய சான்றே இந்தத் தொகுப்புதான். மார்ச் 25இல் மரியாள் கருவுற்றாள் என்று வைத்து அதோடு ஒன்பது மாதம் கூட்டினார்கள் என்று சொல்கிற ஆய்வாளர்களும் உண்டு. சண்டை இன்னும் முடியவில்லை. உங்கள் வீடியோக்காரருக்கு மட்டும் எப்படியோ முடிந்துவிட்டது.

ஈஸ்டர், யூதர்களின் பாஸ்கா பண்டிகையிலிருந்து வந்தது. இஷ்தாரை அதில் கொண்டுவந்து கோர்த்தவர்களில் முக்கியமானவர் அலெக்சாண்டர் ஹிஸ்லாப் என்கிற ஸ்காட்லாந்துப் பாதிரியார், 1850களில். ரோமன் கத்தோலிக்கம்தான் பாபிலோன் என்று நிரூபிப்பது அவருடைய வாழ்நாள் வேலை. கிறிஸ்துமஸ் மரத்துக்கு 1605இல் ஸ்ட்ராஸ்பர்க் நகரத்துக் குறிப்பு ஒன்று உண்டு, காகித ரோஜாவும் ஆப்பிளும் கட்டிய மரம். காட்டு வழிபாட்டுக்காரர்கள் போய்ச்சேர்ந்து பல நூற்றாண்டுகள் ஆனபிறகு. நவம்பர் 1 விஷயம் இன்னும் வேடிக்கை. நீங்கள் சொல்லும் கெல்டிக் பண்டிகை சம்ஹைன், அது அயர்லாந்தின் பண்டிகை. ஆனால் 9ஆம் நூற்றாண்டு வாக்கில் அயர்லாந்தின் திருச்சபை சகல புனிதர்களையும் நினைவுகூர்ந்தது ஏப்ரல் 20இல். நவம்பர் தேதி மற்ற நாடுகளிலிருந்து அங்கே போனது. போதுமா?

இப்போது கொஞ்சம் திட்டப்போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். இதெல்லாம் பாகன் சமாசாரம் என்கிற குற்றச்சாட்டை நாத்திகரோ வரலாற்றாசிரியரோ கண்டுபிடிக்கவில்லை. கிறிஸ்தவர்கள் கிறிஸ்தவர்களை அடிக்கச் செய்த தடி அது. 1647இல் இங்கிலாந்துப் பாராளுமன்றம் கிறிஸ்துமஸையும் ஈஸ்டரையும் சட்டம் போட்டு ஒழித்தது. 1659இல் மாசசூசெட்ஸ் குடியேற்றத்தில் கிறிஸ்துமஸ் கொண்டாடினால் ஐந்து ஷில்லிங் அபராதம். 1687இல் இன்கிரீஸ் மேதர் என்ற பாஸ்டன் பாதிரியார், இது ரோமானியரின் சாட்டர்னேலியா என்கிற டிசம்பர் திருவிழாக் கூத்துதான் என்று அச்சுப்போட்டே சொன்னார். நீங்கள் பார்த்த வீடியோவில் பாதி பியூரிட்டன் என்கிற அந்தக் கறார் புராட்டஸ்டண்ட்காரர்களின் பழைய பிரசங்கம்தான், பின்னணி இசை மட்டும் புதிது. பகுத்தறிவு என்று நினைத்துக்கொண்டு நீங்கள் மதியச் சாப்பாட்டு மேஜையில் 17ஆம் நூற்றாண்டுப் பாதிரியாரின் வேலையைச் செய்திருக்கிறீர்கள். அந்த நண்பர் சின்ன வயதில் குடில் கட்டியிருப்பார், நடுராத்திரிப் பூசைக்குப் புதுச்சட்டை போட்டுக்கொண்டு தூங்கி வழிந்தபடி போயிருப்பார். அதைப்பற்றி ஒரு வார்த்தை கேட்காமல் அது திருட்டுச் சாமான் என்று சொன்னால் முகம் வாடாமல் என்ன செய்யும்? நாளைக்கு அவரை நீங்களே கூப்பிடுங்கள், வராவிட்டால் இன்னொரு நாள் கூப்பிடுங்கள். சரி, அது உங்கள் பாடு.

திருச்சபை பழைய வழிபாடுகளை எடுத்துக்கொள்ளவே இல்லை என்று நான் சொல்லவில்லை. அதை அவர்களே எழுதி வைத்திருக்கிறார்கள், யாரும் துப்பறிய வேண்டியதில்லை. 601ஆம் ஆண்டு ஜூன் மாதம் போப் கிரகோரி இங்கிலாந்தில் கென்ட் நாட்டு அரசன் ஏதல்பெர்ட்டுக்குக் கடிதம் எழுதுகிறார், பழைய கோயில்களை இடித்துத் தள்ளு என்று. ஒரு மாதம் ஆவதற்குள், அங்கே போய்க்கொண்டிருந்த மெலிட்டஸ் என்கிற துறவிக்கு இன்னொரு கடிதம் போகிறது. நான் நெடுநேரம் யோசித்தேன், கோயில்களை இடிக்கவேண்டாம், சிலைகளை மட்டும் அழியுங்கள், தீர்த்தம் தெளியுங்கள், பீடம் வையுங்கள். ஜனங்கள் மாடு வெட்டிப் பழகியவர்கள். விசுவாசத்துக்காக உயிர்விட்ட வேதசாட்சிகளின் திருநாளில் கோயிலைச் சுற்றிக் கிளைகளால் குடிசை போட்டுக்கொண்டு அங்கேயே வெட்டிச் சாப்பிடட்டும், கடவுளுக்கு நன்றி சொல்லிவிட்டு. உயரத்துக்குப் போகிறவன் படிப்படியாகத்தான் ஏறுவான், தாவ மாட்டான். இதுதான் அதன் சாரம். அந்தக் கடிதத்தை 8ஆம் நூற்றாண்டு ஆங்கிலத் துறவி பீட் தன் திருச்சபை வரலாற்றில் அப்படியே எடுத்து வைத்திருக்கிறார். சில ஆண்டுகள் கழித்து, 609 வாக்கில், ரோமில் பழைய தெய்வங்களுக்குக் கட்டிய பாந்தியன் கோயிலே தேவாலயம் ஆனது. இன்றும் அந்தக் கட்டடம் முழுசாக நிற்பதற்கு அது ஒரு முக்கியமான காரணம். மேலிருந்து இப்படி உத்தரவு போட்டவர்களைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். கீழே இருந்தவர்கள் என்ன நினைத்தார்கள் என்பதுதான் கிடைப்பதில்லை. அபூர்வமாக ஒரே ஒரு இடத்தில் கிடைக்கிறது. நாய் அங்கேதான் வருகிறது.

பிரான்ஸில் லியோன் நகரத்துக்கு வடக்கே டோம்ப் என்கிற பகுதி, குளங்கள் நிறைந்த சதுப்பு பூமி. 1250ஐ ஒட்டி அங்கே ஸ்டீஃபன் ஆஃப் பூர்பான் என்கிற டொமினிகன் துறவி போகிறார், பிரசங்கம் செய்கிறார், ஜனங்கள் தங்கள் பாவங்களைச் சொல்லும் பாவசங்கீர்த்தனம் கேட்கிறார். வரும் பெண்களில் பலர், பிள்ளைகளைப் புனித கின்ஃபோரிடம் கொண்டுபோனோம் சாமி என்கிறார்கள். யாரோ ஒரு புனிதர் போலிருக்கிறது என்று நினைத்துத் தோண்டித் துருவி விசாரிக்கிறார். கடைசியில் தெரிகிறது, கின்ஃபோர் ஒரு வேட்டைநாய்.

கதை இது. ஒரு பிரபுவின் கோட்டை. தொட்டிலில் குழந்தை, பக்கத்தில் நாய் மட்டும். பெரிய பாம்பு ஒன்று தொட்டிலை நோக்கி வருகிறது. நாய் பாய்ந்து சண்டை போட்டதில் தொட்டில் கவிழ்கிறது, பாம்பைக் கடித்துக் குதறித் தூரப் போட்டுவிட்டு ரத்தம் ஒழுகும் வாயோடு நிற்கிறது. தாதி வந்து பார்த்து அலறுகிறாள், தாய் ஓடிவந்து அலறுகிறாள், பிரபு வாளை உருவி நாயை வெட்டுகிறான். அப்புறம்தான் தொட்டிலைத் தூக்கிப் பார்க்கிறார்கள், குழந்தை தூங்கிக்கொண்டிருக்கிறது. நாயைக் கோட்டை வாசல் கிணற்றில் போட்டுக் கல் குவித்து மரம் நட்டார்கள். பிறகு கோட்டை அழிந்தது, ஊர் பாழானது. குடியானவர்கள் அந்த நாயை வேதசாட்சியாக்கி, சீக்குப் பிள்ளைகளை அங்கே தூக்கிப்போக ஆரம்பித்தார்கள்.

படித்துக்கொண்டே வரும்போது உங்களுக்கு இந்நேரம் பொறி தட்டியிருக்குமே. எனக்கு இதை என் பாட்டி சொல்லியிருக்கிறாள். அதில் நாய் இல்லை, கீரிப்பிள்ளை. வாள் இல்லை, தண்ணீர்க் குடம். குடத்தைக் கீரியின் தலையில் போடும் இடம் வந்ததும் பாட்டி நிறுத்திவிட்டு வெற்றிலை மடிக்க ஆரம்பித்துவிடுவாள், அடுத்து என்ன என்று நாங்கள் கேட்கவே மாட்டோம், தெரிந்த கதைதான் என்றாலும் தொண்டை அடைத்துக்கொள்ளும். சிலப்பதிகாரத்தில் அடைக்கலக் காதையில், கீரிப்பிள்ளையைச் சாகவைத்த பாவத்தோடு ஏட்டைக் கையில் வைத்துக்கொண்டு தெருவில் அலைந்த பெண்ணுக்குக் கோவலன் பொருள் கொடுத்துப் பரிகாரம் செய்வித்ததை மாடலன் என்கிற அந்தணன் சொல்லுவான். பஞ்சதந்திரத்தில் இருக்கிறது. அங்கிருந்து பாரசீகம், அரபி, எபிரேயம், லத்தீன் என்று போன கதைக்கூட்டங்களில் ஒன்றாக மேற்கே போய், வழியில் எங்கேயோ கீரி நாயாக மாறி, 12ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சு மொழிக்குள் வந்துவிட்டது.

ஆக உங்கள் கணக்குப்படி பிரெஞ்சுக் குடியானவர்களின் புனிதர் யார்? கெல்டிக்கா, ரோமானியரா, நம்ம ஊர் கீரியா? தயவுசெய்து இதை வைத்து ஒரு வீடியோ போட்டுவிடாதீர்கள்.

வேரைச் சொல்லிவிட்டால் விஷயம் முடிந்தது என்று நினைக்கிறீர்கள் பாருங்கள், அங்கேதான் எனக்குக் கோபம் வருகிறது. கதை இந்தியாவிலிருந்து போயிருக்கலாம். அந்தப் பெண்கள் அங்கே என்ன செய்தார்கள் என்பதற்கு அதில் பதிலே கிடையாது. ஸ்டீஃபன் அதை விடாமல் எழுதியிருக்கிறார். பக்கத்து ஊரிலிருந்து ஒரு கிழவியை அழைத்து வருவார்கள், அவளுக்குத்தான் முறை தெரியும். உப்பு படைப்பார்கள். குழந்தையின் துணியைப் புதரில் தொங்கவிடுவார்கள், மரத்தில் ஆணி அடிப்பார்கள். இரண்டு மரங்களுக்கு நடுவே, இந்தப் பக்கம் தாய், அந்தப் பக்கம் கிழவி, அம்மணமான குழந்தையை ஒன்பது தடவை மாற்றி மாற்றி வீசிப் பிடிப்பார்கள். இந்த நோஞ்சான் உங்களுடையது, நீங்கள் எடுத்துக்கொண்டு போன எங்கள் கொழுகொழுப் பிள்ளையைத் திருப்பிக் கொடுங்கள் என்று காட்டில் இருக்கும் ஆவிகளைப் பார்த்துச் சொல்வார்கள். பிறகு மரத்தடியில் தொட்டில் வைக்கோலை விரித்துக் குழந்தையைக் கிடத்தி, தலைமாட்டில் ஒரு அங்குல நீளத்தில் இரண்டு மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு, அது எரிந்து தீரும்வரை, பார்வைக்கும் அழுகைச் சத்தத்துக்கும் எட்டாத தூரத்துக்குப் போய்விடுவார்கள். திரும்பி வரும்போது உயிர் இருந்தால் சலாரோன் ஆற்றில் ஒன்பது முறை முக்கி எடுப்பார்கள்.

அந்த மெழுகுவர்த்தி சாய்ந்து எரிந்துபோன குழந்தைகள் உண்டு என்று ஸ்டீஃபன் எழுதுகிறார். பாகன் மரபு என்றதும் பூவும் நிலவுமாக உருகுகிறவர்கள் இந்த வரியில் கொஞ்சம் நிற்கவேண்டும். அவர் அந்த நாயின் எலும்பைத் தோண்டி எடுத்து, தோப்பை வெட்டி, எலும்போடு சேர்த்துக் கொளுத்தினார். இனி அங்கே போகிறவர்களின் சொத்து பறிமுதல் என்று பிரபுக்களைக் கொண்டு உத்தரவும் போடவைத்தார். மத அதிகாரம் என்று அவரைத் திட்டுவது சுலபம். எரிந்த பிள்ளைகளைப் பற்றி அங்கேயே விசாரித்துத் தெரிந்துகொண்டவர் அவர்.

ஆனால் அவரும் உங்களைப் போலத்தான் கேட்டார். இது எங்கிருந்து வந்தது? சாத்தானிடமிருந்து. முடிந்தது. அந்தப் பெண்கள் ஞானஸ்நானம் பெற்றவர்கள், அவரிடமே வந்து பாவசங்கீர்த்தனம் செய்கிறவர்கள், மறைக்கக்கூட இல்லை. நாயை அவர்கள் சொன்னது புனிதர் என்று, கோயிலில் கற்ற அதே பெயர். அப்பாவிக் குழந்தைக்காக உயிர்விட்டது வேதசாட்சி இல்லாமல் வேறென்ன என்பது அவர்களுடைய நியாயம். இதில் எந்தப் பகுதி பாகன், எந்தப் பகுதி கிறிஸ்தவம் என்று கோடு கிழித்துக் காட்டுங்கள் பார்க்கலாம்.

எனக்குப் பிடிபடுவது இவ்வளவுதான். தேறுமா தேறாதா என்று தெரியாத ஒரு பிள்ளையை மாதக்கணக்கில் வைத்துக்கொண்டிருக்கும் தாய். பால் குடிப்பதில்லை, எடை ஏறுவதில்லை, வைத்தியன் கிடையாது. இது என் பிள்ளையே இல்லை, மாற்றி வைத்துவிட்டார்கள் என்று நம்பிவிட்டால், செத்தாலும் செத்தது அவள் பிள்ளை இல்லை. கொடூரமான ஆறுதல், ஆனால் ஆறுதல். அதிலும் ஒருத்தி, ஓநாய் காட்டிலிருந்து பிள்ளையை நோக்கி வந்தது, தாய்ப்பாசத்தில் திரும்பி ஓடிவந்து காப்பாற்றினேன் என்று ஸ்டீஃபனிடம் சொல்லியிருக்கிறாள். திரும்பிப் பார்க்கக்கூடாது என்பது சடங்கு. அவள் பார்த்திருக்கிறாள். எத்தனை பேர் பார்த்திருப்பார்கள் என்று நான் நினைத்துக்கொள்வதுண்டு.

எலும்பைக் கொளுத்தியதால் ஒன்றும் முடியவில்லை. 19ஆம் நூற்றாண்டில் நாட்டார் வழக்காறு தேடிப் போனவர்களுக்கு அதே பகுதியில் கின்ஃபோர் காடு என்றே ஒரு இடம் கிடைத்தது, பிள்ளைகளுக்காக ஜனங்கள் அங்கே வந்துகொண்டுதான் இருந்தார்கள். 1979இல் ழான்-குளோட் ஷ்மிட் என்ற பிரெஞ்சு வரலாற்றாசிரியர் இதைப்பற்றி முழுப் புத்தகமே எழுதினார், ஆங்கிலத்திலும் வந்திருக்கிறது. ஸ்டீஃபனின் குறிப்பு மட்டும் வேண்டுமென்றால் ஒன்றிரண்டு பக்கம்தான், இணையத்திலேயே ஆங்கிலத்தில் கிடைக்கும். அடுத்த வீடியோவுக்குப் போகும் முன் அதைப் படியுங்கள். அந்தக் கிழவி யாராக இருந்திருப்பாள், அவளுக்கு யார் சொல்லிக்கொடுத்திருப்பார்கள் என்பதில் எனக்கு ஒரு யூகம் இருக்கிறது, உங்களுக்கு என்ன தோன்றுகிறது என்று முதலில் எழுதுங்கள்.

அன்புடன்