போதையை விட்டால் பாட்டும் போய்விடுமா? – கடிதம்

அன்புள்ள ஐயா,

வேகமும் கோபமும் நிறைந்த ராக் வகையான பங்க் இசை பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்தேன். தி கிளாஷ் என்ற பிரிட்டிஷ் பங்க் குழுவில் டிரம்ஸ் வாசித்து, போதையால் அந்த இடத்தை இழந்த டாப்பர் ஹெட்டன் பற்றி அதில் ஒரே ஒரு வரிதான் இருந்தது. என் நண்பனுக்காக அவரைப் பற்றிக் கேட்கிறேன். நண்பன் கிட்டார் வாசிப்பான், பாட்டும் எழுதுவான். மாத்திரையில் ஆரம்பித்து ஊசி வரைக்கும் போனவன். சிகிச்சை எடுத்து எட்டு மாதமாகத் தொடவில்லை. ஆனால் இந்த எட்டு மாதத்தில் ஒரு பாட்டுகூட வரவில்லை. “அது இருந்தவரைக்கும்தான் நான் கலைஞன்” என்கிறான். ஒரே ஒரு தடவை எடுத்துக்கொண்டு எழுதிப் பார்க்கட்டுமா என்று கேட்கிறான். பெரிய கலைஞர்கள் எல்லோரும் அப்படித்தானே என்றும் சொல்கிறான். என்ன பதில் சொல்வது?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

அந்த ‘ஒரே ஒரு தடவை’ கூடவே கூடாது. கலை பற்றிய பேச்செல்லாம் அதற்கு அப்புறம்தான். எட்டு மாதம் விட்டிருந்த உடம்பு பழைய அளவைத் தாங்காது. முன்பு சாதாரணமாக எடுத்துக்கொண்ட அளவே இப்போது மூச்சை நிறுத்திவிடலாம். சிகிச்சையோ சிறையோ முடிந்து வெளியே வந்த கொஞ்ச நாளில் ஹெராயின் எடுத்து இறந்தவர்கள் ஏராளம். இதை அவனிடம் ஒளிக்காமல் சொல்லுங்கள். ரமோன்ஸ் என்ற அமெரிக்க பங்க் குழுவின் டீ டீ ரமோன் 2002 மார்ச்சில், பெரிய ராக் கலைஞர்களைக் கௌரவிக்கும் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேம் மேடையில் நின்று பேசினார். ஜூன் 5 அன்று ஹெராயின் அவரைக் கொன்றது.

சரி, ஹெட்டனுக்கு வருகிறேன். கிளாஷ் அமெரிக்காவில் அடைந்த பெரிய வெற்றி ‘ராக் த கஸ்பா’ என்ற பாட்டு. அதன் இசை ஹெட்டனுடையது. நியூயார்க்கின் எலக்ட்ரிக் லேடி ஸ்டுடியோவில், மற்றவர்களுக்காகக் காத்திருக்காமல், டிரம்ஸ், பியானோ, பேஸ் மூன்றையும் அவரே வாசித்துப் பதிவு செய்தார். அப்போது அவர் ஹெராயினில்தான் இருந்தார். உங்கள் நண்பன் இந்த இடத்தைப் பிடித்துக்கொள்வான், ‘பார்த்தாயா’ என்பான். ஆனால் அந்தக் கைகள் எப்போது பழகியவை? கால்பந்து ஆடிக் காலை உடைத்துக்கொண்டு, 13 வயதில் டிரம்ஸுக்கு வந்தவர் அவர். 1977இல் கிளாஷில் சேரும்போதே ஜாஸ், ஃபங்க், சோல் எதைக் கொடுத்தாலும் வாசிப்பார். அவருடைய துல்லியத்தைப் பார்த்து, தயாரிப்பாளர் சாண்டி பேர்ல்மன் அவரை மனித டிரம் மெஷின் என்றே அழைத்தார். இதில் எதையும் ஹெராயின் கற்றுத் தரவில்லை.

ஹெராயின் செய்த வேலை வேறு. அந்தப் பாட்டு இடம்பெற்ற ஆல்பம் 1982 மே மாதம் வந்தது. அதே மாதம் ஹெட்டனைக் குழுவிலிருந்து நீக்கினார்கள். அந்தப் பாட்டின் வீடியோவைப் பாருங்கள், டிரம்ஸில் உட்கார்ந்திருப்பவர் டெர்ரி சைம்ஸ். தன் பாட்டு உலகம் சுற்றியபோது அதை உண்டாக்கியவர் குழுவோடு இல்லை. எனக்கு ராக் வரலாற்றிலேயே மிகவும் வலிக்கிற காட்சி இது. ஹெட்டன் போனபின் நாங்கள் நன்றாக வாசிக்கவே இல்லை என்கிற பொருளில் கிளாஷின் பாடகர் ஜோ ஸ்ட்ரம்மர் பிற்பாடு பேசினார். இருவருக்கும் அதனால் ஒன்றும் திரும்பக் கிடைக்கவில்லை. ஹெட்டன் சிறைக்குப் போனார், டாக்ஸி ஓட்டினார், முழுதாக மீள 2000களாகிவிட்டது.

மீண்ட பிறகு இன்னொரு ‘ராக் த கஸ்பா’ எழுதினாரா? இல்லை. இதை மறைத்துவிட்டு உங்கள் நண்பனுக்கு ஆறுதல் சொல்ல நான் தயாரில்லை. ஆனால் உயிரோடு இருக்கிறார். 2008இல் லண்டனில், கிளாஷில் கிட்டார் வாசித்த பழைய தோழர் மிக் ஜோன்ஸின் மேடையில் ஏறி வாசித்தார். அது சின்ன விஷயம் என்று எனக்குத் தோன்றவில்லை.

பாட்டு திரும்பி வந்தவர்களும் உண்டு. கலிபோர்னியாவின் சோஷியல் டிஸ்டார்ஷன் குழு முதல் ஆல்பத்தை 1983இல் வெளியிட்டது. அடுத்தது 1988இல். நடுவில் பாடகர் மைக் நெஸ் ஹெராயினோடும் போலீஸோடும் அல்லாடி, சிகிச்சை எடுத்துத் தெளிந்தார். அந்த இரண்டாவது ஆல்பத்தில்தான் கன்ட்ரி இசையின் சாயல் சேர்ந்து, இன்று நமக்குத் தெரிந்த அவருடைய குரல் கேட்கிறது. ஐந்து வருடம் ஆகியிருக்கிறது, கவனியுங்கள். ‘எல்லோரும் அப்படித்தான்’ என்பதும் உண்மையில்லை. வாஷிங்டனின் மைனர் த்ரெட் என்ற பங்க் குழு 1981இலேயே, எந்தப் போதையும் வேண்டாம் என்பதையே ஒரு நிமிடத்துக்கும் குறைவான பாட்டாக்கிக் கத்தியது. பங்க்கில் அதைவிடக் கோபமான இசை அதிகம் இல்லை.

எட்டு மாத மௌனத்துக்கு உடம்பிலும் காரணம் உண்டு. மூளை இன்பத்தை உணரும் முறையையே ஓபியாய்டு, அதாவது ஹெராயின் வகைப் போதைப்பொருள், மாற்றிவிடுகிறது. விட்ட பிறகு மாதக்கணக்கில் சாப்பாடு, பேச்சு, இசை எதிலும் ருசி இருக்காது. மெல்லத்தான் திரும்பும். கூடவே மனச்சோர்வு இருந்தால் அதற்குத் தனியாக மருத்துவம் வேண்டும், மருத்துவரிடம் ‘பாட்டு வரவில்லை’ என்பதையும் அவன் சொல்ல வேண்டும்.

எழுது, எழுது என்று நீங்கள் நெருக்காதீர்கள். வாரத்தில் ஒருநாள் நாலு பேரோடு உட்கார்ந்து மற்றவர்கள் பாட்டை வாசிக்கட்டும், பழைய கூட்டாளிகள் இல்லாத இடமாகப் பார்த்துக்கொள்ளுங்கள். அந்த ‘ஒரு தடவை’ பேச்சு மறுபடி வந்தால் அன்றைக்கே அவன் மருத்துவரிடம் கூட்டிக்கொண்டு போங்கள். அவர் கிடைக்காவிட்டால் 14446 என்ற இலவச உதவி எண்ணில் பேசலாம். எனக்கும் எழுதுங்கள், பாட்டு வராவிட்டாலும்.