நான்கு குடும்பம் சேர்ந்து ஒரு தனி ஊரா?

தங்கச்சி, நான்கு ஐடி குடும்பங்கள் ஒன்றாக வந்து, சிங்கப்பூர் ஈசூனில் ஒரே புளோக்கில் (அடுக்குமாடிக் கட்டடத்தில்) வீடு எடுத்து, பொதுச் சமையல், பிள்ளைகளுக்குச் சேர்ந்து பாடம் என்று நமக்கே நமக்கான ஒரு சின்ன ஊராக வாழலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். வங்கி, சிம் கார்டு எல்லாம் வந்த மறுநாளே தெரிந்துவிடும். தமிழுக்கும் கவலை வேண்டாம், பள்ளியில் இல்லையென்றால் உமறுப்புலவர் தமிழ்மொழி நிலையம் இருக்கிறது.

அந்த ஊர் ஆசைதான் எனக்குப் பயமாக இருக்கிறது. வீவக (அரசின் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) வீட்டை முழுதாக வாடகைக்கு எடுக்கும் வெளிநாட்டவருக்கு வரம்பு உண்டு. மலேசியர் நீங்கலாக, ஒரு புளோக்கில் 11 விழுக்காடு. நிரம்பிவிட்டால் வீட்டுக்காரர் நினைத்தாலும் உங்களுக்குத் தர முடியாது.

அதைவிடப் பெரியது பாஸ், அதாவது இங்கே வேலை செய்யவும் தங்கவும் தரும் அனுமதி. வேலை போனால் கணவர் பாஸோடு அவரைச் சார்ந்து உங்களுக்குக் கிடைத்த டிபென்டன்ட் பாஸும் போகும். பெரும்பாலும் 30 நாளில் கிளம்ப வேண்டும். நாங்கள் வந்த புதிதில் இன்னொரு குடும்பத்தோடு ஒரே வீட்டில் இருந்தோம். ஒரே உலை, ஒரே மளிகைக் கணக்கு. அந்த வீட்டுக் கணவரின் கம்பெனி ஆட்களைக் குறைத்ததும் அவர்கள் ஊருக்குப் போய்விட்டார்கள். ஒப்பந்தம் எங்கள் பெயரில், மீதி வாடகை முழுக்க எங்கள் தலையில். அவர்கள் மேல் தப்பில்லை. ஆனாலும் அந்தச் சிநேகம் அதோடு முடிந்தது, அது எனக்கு இன்னும் ஆறவில்லை. ஒப்பந்தம் தனித்தனியாகப் போடுங்கள். வேலை போய் நாடு திரும்ப நேர்ந்தால் ஒப்பந்தத்தை இடையில் முடிக்க விடும் டிப்ளமாட்டிக் கிளாஸ் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுக் கையெழுத்திடுங்கள்.

இந்தத் தீவிலிருந்தே தனி ஊர் அமைக்கப் போனவர்கள் உண்டு. ஜப்பானியர் காலத்து உணவுப் பஞ்சத்தில், 1943 இறுதியில், கத்தோலிக்க ஆயர் (பிஷப்) டெவால்ஸ் தலைமையில் யூரேசிய, சீனக் கத்தோலிக்கக் குடும்பங்கள் இன்றைய மலேசியாவின் நெகிரி செம்பிலானில் உள்ள பஹாவுக்குக் குடியேறின. நகரத்து ஆட்கள், காட்டை வெட்டி விவசாயம் செய்யப் போனார்கள். மண் சரியில்லை. மலேரியா வாரிக்கொண்டு போனது. 1945 தொடக்கத்தில் ஆயரும் இறந்தார். ஒற்றுமைக்கு அவர்களிடம் குறைவில்லை, மண்ணும் காடும் அறிந்தவர்கள்தான் போதவில்லை.

உங்கள் நான்கு குடும்பமும் அப்படித்தான், ஒருவருக்குத் தெரியாதது நால்வருக்கும் தெரியாது. என் மகளுக்கு நடுராத்திரியில் இழுப்பு வந்தபோது டாக்சி பிடித்து, கேகே மருத்துவமனைவரை கூடவே வந்தவர் எதிர்வீட்டு மலாய் மக்சிக் (மலாயில் பெரியம்மா, அத்தை என்பதுபோல). பத்துப் பதினைந்து வருடம் இங்கே இருந்தும் எதிர்வீட்டுக்காரர் பெயர் தெரியாத நம்மவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம்தான் வருகிறது. மக்சிக்கிடம் நான் மலாய் பழகினேன். ஈரச்சந்தையில் எந்த மீன் என்றைக்கு நன்றாக வரும் என்று கற்றுக்கொடுத்ததும் அவர்தான். இப்போது சந்தையில் புதிதாக வரும் தமிழ்ப் பெண்கள் என்னைக் கேட்டுத்தான் மீன் வாங்குகிறார்கள்.