திருச்சி வானொலிக்கு டெல்டாவில் ஏன் அவ்வளவு மதிப்பு?

திருச்சி வானொலி எப்போது தொடங்கியது, சென்னையில் ஒன்று இருக்கும்போது திருச்சிக்கு ஏன் தனி நிலையம், அதற்கு அப்படி என்ன பெருமை என்று கேட்டிருக்கிறீர்கள். டெல்டா விவசாயக் குடும்பத்தில் பிறந்தவன் என்பதால் கடைசிக் கேள்விக்குத்தான் நீளமாகப் பதில் சொல்லத் தோன்றுகிறது.

அகில இந்திய வானொலி சென்னையில் 1938 ஜூனில் ஒலிபரப்பைத் தொடங்கியது. அடுத்த ஆண்டே, 1939 மே 16 அன்று, திருச்சி நிலையம் வந்துவிட்டது. நாடு விடுதலை அடைந்தபோது இந்தியாவிடம் இருந்தவை டெல்லி, பம்பாய், கல்கத்தா, லக்னோ, சென்னை, திருச்சி என ஆறே நிலையங்கள். அவற்றில் இரண்டு தமிழ்நாட்டில்! அன்று ஒலிபரப்பான மத்திய அலை (மீடியம் வேவ்) பகல் நேரத்தில் வெகுதூரம் போகாது. அதனால் சென்னையை மட்டும் நம்பியிருந்தால் காவிரிக் கரைக்குத் தெளிவாகக் கேட்டிருக்காது. 1963-ல் திருநெல்வேலி நிலையம் வரும் வரை தென் மாவட்டத்துக்காரர்களும் திருச்சியைத்தான் கேட்டார்கள்.

திருச்சி வானொலி என்றதும் பலரும் இசையைப் பற்றிப் பேசுவார்கள். நியாயம்தான். சுற்றிலும் இருந்தது நாதஸ்வரமும் தவிலும் விளைந்த மண். திருவையாறு தியாகராஜர் ஆராதனையில் பஞ்சரத்ன கீர்த்தனை பாடுவதை அங்கே போக முடியாதவர்களுக்குக் கொண்டு சேர்த்ததும் வானொலிதான். ஆனால் என்னைக் கேட்டால், இந்த நிலையத்தின் மிகப் பெரிய சாதனை வயலில் நடந்தது.

1960 வாக்கில் தஞ்சாவூர் மாவட்டத்தில் தீவிர வேளாண்மைத் திட்டம் வந்தது. அப்புறம் 60-களின் நடுவில் ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையம் ஆடுதுறை 27 என்ற குறுகிய கால ரகத்தை வெளியிட்டது. ஜப்பானிய வகை நெல்லையும் நம் நாட்டு நெல்லையும் கலந்து உருவாக்கியது. குறுவை என்ற குறுகிய கால நெல் பருவத்துக்கு ஏற்றது, உரம் போட்டால் நல்ல விளைச்சல் தரும். ஆனால் புது ரகத்தை எந்த விவசாயி உடனே நம்புவார்? நாற்றங்காலுக்கு எவ்வளவு விதை, நடவுக்கு எத்தனை நாள் நாற்று, மேலுரம் எப்போது, பூச்சி வந்தால் என்ன மருந்து, எல்லாமே பழக்கமில்லாத சங்கதி. வேளாண் அலுவலர் ஊர் ஊராக வந்து சொல்லி முடிப்பதற்குள் பருவமே போய்விடும். மேட்டூரில் தண்ணீர் திறந்துவிட்டால் வேலை காத்திருக்காது.

அந்த இடத்தில்தான் திருச்சி வானொலியின் பண்ணை ஒலிபரப்பு நின்றது. பயிர் எந்த நிலையில் இருக்கிறதோ, அந்த வாரம் வயலில் என்ன செய்ய வேண்டுமோ, அதையே பேச்சுத் தமிழில் சொன்னார்கள். வீட்டில் பெட்டி இல்லாதவர்கள் பஞ்சாயத்து ரேடியோவின் குழாய் ஒலிபெருக்கியடியில் உட்கார்ந்து கேட்டார்கள். ஆடுதுறை 27 வேகமாகப் பரவியது. டெல்டாவில் அதைப் பலரும் ரகப் பெயர் சொல்லிக் கேட்கவில்லை, 'ரேடியோ நெல்' என்றே கேட்டார்கள். எங்கள் தாத்தாவும் கடைசி வரை அப்படித்தான் சொல்வார். விதையை உண்டாக்கியது ஆடுதுறை, பேர் வாங்கியது வானொலி! உலகத்தில் வேறு எந்த வானொலி நிலையத்துக்காவது இப்படி ஒரு மரியாதை கிடைத்திருக்குமா என்று தெரியவில்லை.

பிறகு வந்த ரகங்கள் ஆடுதுறை 27-ஐ ஓரங்கட்டிவிட்டன, அது இயல்புதான். நிலையம் மத்திய அலையில் 936 கிலோஹெர்ட்ஸ் என்ற எண்ணால் அறியப்பட்டது. பின்னாளில் பண்பலையும் வந்தது.

ஒரே ஒரு வருத்தம். அந்தக் கால இசைக் கலைஞர்களைப் பற்றி ஓரளவாவது எழுதியிருக்கிறார்கள். பண்ணை நிகழ்ச்சியைத் தயாரித்தவர்கள், மைக் முன்னால் உட்கார்ந்து பேசிய வேளாண் அலுவலர்கள், சந்தேகம் கேட்டுக் கடிதம் போட்ட விவசாயிகள் பற்றி எழுத்தில் மிகக் குறைவு. 60-களில் குறுவை போட்டவர்கள் இன்று எண்பதைத் தாண்டியிருப்பார்கள். உங்கள் வீட்டில் அப்படி யாராவது இருந்தால் ரேடியோ நெல்லைப் பற்றிக் கேளுங்கள். முதல் வருஷம் யார் போட்டார்கள், எவ்வளவு கண்டது, எந்த நிகழ்ச்சியைக் கேட்டுத் துணிந்தார்கள் என்று விவரமாகக் கேட்டு, இதே கேள்விக்குக் கீழே இன்னொரு பதிலாக எழுதுங்கள்.