ஜெயிலில் மனு பார்க்கப் போகிறவர்களுக்கு: கேட்ட கேள்விகளும் என் பதில்களும்

முதலில் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். வக்கீல் இல்லை. என் தம்பி பதினோரு மாதம் ரிமாண்டில் இருந்தபோது வாரா வாரம் வாசலில் நின்று பழகியவள். அப்புறம் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் தன்னார்வலராகச் சேர்ந்து, இப்போது மற்ற வீட்டுக்காரர்களுக்காக அதே வாசலில் நிற்கிறேன். மனு பார்ப்பது என்றால் உள்ளே இருப்பவரைப் போய்ப் பார்த்துப் பேசுவது. தமிழ்நாட்டுச் சிறைகளை மனதில் வைத்துத்தான் எல்லாப் பதிலும். ஒரே மாதிரி கேள்விகளைச் சேர்த்துவிட்டேன்.

அக்கா, என் மகனை நேற்று ராத்திரி ரிமாண்டு பண்ணிவிட்டார்கள். எந்த ஜெயில் என்றே தெரியவில்லை. நாளைக்கே பார்க்க முடியுமா? வயது 19.

அம்மா, முதலில் எந்த ஜெயில் என்பதைப் பார்ப்போம். மாஜிஸ்திரேட் போடும் ரிமாண்டு உத்தரவிலேயே சிறையின் பெயர் இருக்கும். ஸ்டேஷனில் சொல்லவில்லை என்றால் அந்தக் கோர்ட் அலுவலகத்தில் கேளுங்கள், ஸ்டேஷன் பெயரும் குற்ற எண்ணும் கையில் இருந்தால் சொல்லிவிடுவார்கள். அந்த இரண்டையும் ஒரு காகிதத்தில் எழுதிப் பர்ஸில் வைத்துக்கொள்ளுங்கள், ஜெயில் வாசலிலும் முதல் கேள்வி அதுதான்.

19 வயது என்பதால் பெரியவர்களோடு போடாமல், இளவயதுக்காரர்களைத் தனியாக வைக்கும் பார்ஸ்டல் பள்ளிக்கு அனுப்பியிருக்கலாம். அதனால் மத்திய சிறை வாசலில் "அப்படி யாரும் இங்கே இல்லை" என்றால் பயந்துவிடாதீர்கள். ஒருவேளை போலீஸ் வயதைத் தப்பாக எழுதியிருந்து, பையனுக்கு 18 முடியவில்லை என்றால் அவன் சிறையிலேயே இருக்கக் கூடாது, கூர்நோக்கு இல்லத்துக்குத்தான் போக வேண்டும். பிறப்புச் சான்றிதழையோ பள்ளிச் சான்றிதழையோ இன்றைக்கே வக்கீல் கையில் கொடுங்கள். வக்கீல் இல்லையா, 15100 என்ற இலவசச் சட்ட உதவி எண்ணுக்குப் போன் போடுங்கள். காவலில் இருப்பவருக்கு வருமானம் எவ்வளவு என்று கேட்காமலே இலவச வக்கீல் தர வேண்டும், 1987-ம் வருடச் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டத்தில் 12-வது பிரிவு அதைத்தான் சொல்கிறது.

சேர்க்கை, டாக்டர் பரிசோதனை எல்லாம் முடிய ஒரு நாள் போய்விடும். நாளை மறுநாள் என்று மனதில் வைத்துக்கொண்டு போங்கள்.

நான் மனைவி இல்லை, கல்யாணம் பேசி முடித்திருந்தோம், அதற்குள் கேஸ். உறவுக்காரர் இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். சொந்தக்காரர்தான் பார்க்கலாம் என்று சட்டம் இருக்கிறதா?

இல்லை. 1981-ல் உச்ச நீதிமன்றத்தில் பிரான்சிஸ் கொராலி முல்லின் வழக்கு என்று ஒன்று வந்தது. டெல்லி திகார் சிறையில் தடுப்புக்காவலில் (வழக்கு விசாரணை இல்லாமலே முன்கூட்டி அடைத்துவைப்பது) இருந்த வெளிநாட்டுப் பெண், ஐந்து வயது மகளை மாதத்துக்கு ஒரே ஒரு முறைதான் பார்க்கலாம் என்றார்கள். உயிர் வாழும் உரிமை என்றால் மனிதராக, மற்றவரோடு பேசிப் பழகி வாழ்வதும் சேர்த்துத்தான் என்று சொல்லி அந்த விதியை நீதிமன்றம் அடித்துவிட்டு, வாரத்துக்கு இரண்டு முறையாவது பார்க்க விட வேண்டும் என்றது. அந்தத் தீர்ப்பிலேயே உறவினர், நண்பர் இரண்டு பேரையும் சேர்த்துத்தான் சொல்லியிருக்கிறார்கள்.

ஆனால் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு வாசலில் வாதாடினால் வேலை நடக்காது தங்கச்சி. நடைமுறையில் ஒன்றுதான் பார்ப்பார்கள்: உள்ளே இருப்பவர் உங்கள் பெயரைச் சொல்லியிருக்கிறாரா? யார் யார் தன்னைப் பார்க்க வருவார்கள் என்று சிறைவாசி பெயர் கொடுக்க வேண்டும் என்பது மத்திய அரசின் 2016 மாதிரிச் சிறைக் கையேட்டிலேயே இருக்கிறது. டெல்லியில் அப்படிப் பட்டியல் கொடுப்பதை 2024-ல் கெஜ்ரிவால் கைதானபோது செய்தியிலேயே பார்த்திருப்பீர்கள். அதனால் அவர் அம்மாவோ வக்கீலோ அடுத்த முறை பார்க்கும்போது உங்கள் பெயரை, ஆதாரில் இருக்கிற மாதிரியே, அவர் வாயால் உள்ளே எழுதிக்கொடுக்கச் சொல்லுங்கள். முதல் தடவை அவர் அம்மாவோடு சேர்ந்தே போங்கள். சங்கடமாக இருக்கும், தெரியும். இரண்டாம் தடவை அவ்வளவு இருக்காது.

ஆன்லைனில் இரண்டு முறை பதிவு செய்தேன், இரண்டும் ரிஜெக்ட். காரணமே வரவில்லை.

நீங்கள் சொல்வது தேசியச் சிறைத் தகவல் தளத்தில் இருக்கிற இ-முலாகத். உங்கள் விவரம், அடையாள அட்டை, எந்த ஜெயில், எந்தத் தேதி, நேரிலா வீடியோவிலா, சிறைவாசியின் பெயர், அவர் அப்பா பெயர், வயது எல்லாம் கேட்கும். ஓ.டி.பி. போட்டு அனுப்பினால் ஒரு எண் வரும். அது அனுமதி இல்லை, விண்ணப்பம் போய்ச் சேர்ந்தது என்பதற்கான எண். அனுமதி தனியாக மெசேஜில் வரும். அந்த முதல் எண்ணை வைத்துக்கொண்டு பஸ் பிடித்து வந்து வாசலில் நிற்கிறவர்களை மாதத்துக்கு நாலு பேராவது பார்க்கிறேன்.

ரிஜெக்ட் ஆவதற்கு நான் பார்த்த வரையில் பெரிய காரணம், பெயர். சிறைப் பதிவேட்டில் இருப்பது ரிமாண்டு காகிதத்தில் போலீஸ் எழுதிய பெயர். வீட்டில் கூப்பிடுகிற பெயரும் அதுவும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. என் தம்பிக்கு ஸ்டேஷனில் இனிஷியலை மாற்றி எழுதி, பெயருக்குப் பின்னால் ஒரு "என்கிற" போட்டு அவனுக்கே தெரியாத பட்டப்பெயரைச் சேர்த்திருந்தார்கள். மூன்று வாரம் நாங்கள் போட்ட விண்ணப்பம் எல்லாம் வேறு யாரையோ தேடிக்கொண்டிருந்தது. எஃப்.ஐ.ஆர். நகலை வாங்கி அதில் இருக்கிற எழுத்தை எழுத்து மாறாமல் போடுங்கள், தப்பாக இருந்தாலும் அந்தத் தப்போடு.

இன்னொரு காரணம், கணக்கு. பார்வை எண்ணிக்கை சிறைவாசியின் பெயரில்தான் ஓடும், உங்கள் பெயரில் இல்லை. திங்கட்கிழமை அவர் கூட்டாளி வந்து பார்த்துவிட்டுப் போயிருந்தால் உங்களுக்கான முறை போயிருக்கும். விசாரணைக் கைதிக்கு ஒரு கணக்கு, தண்டனைக் கைதிக்கு அதைவிடக் குறைவு, வாசல் போர்டில் எழுதியிருப்பார்கள், அதைப் போட்டோ எடுக்காமல் கையால் எழுதிக்கொள்ளுங்கள், செல்போனைப் பார்த்தாலே கத்துவார்கள். யார் எந்த வாரம் என்று வீட்டுக்குள் பேசிவைத்துக்கொள்வது நல்லது. மாமியாருக்கும் மருமகளுக்கும் இதில் வாசலிலேயே சண்டை வந்து பார்த்திருக்கிறேன்.

என்ன கொண்டுபோகலாம்? பிரியாணி கொடுக்கலாமா?

பிரியாணி கிடையாது. விசாரணைக் கைதி வெளியிலிருந்து சாப்பாடு, துணி, படுக்கை வாங்கிக்கொள்ளலாம் என்று 1894-ம் வருடச் சிறைச் சட்டத்தின் 31-வது பிரிவு சொல்கிறதுதான். ஆனால் "சோதனைக்கும் விதிகளுக்கும் உட்பட்டு" என்ற வார்த்தையும் அதிலேயே இருக்கிறது, அந்த வார்த்தைக்குள் பிரியாணி போய்விடும். சமைத்தது எதுவும் வேண்டாம். துணி என்றால் உள் தையல் இல்லாத சாதாரணத் துணி. போலீஸ் காக்கி மாதிரி நிறம் எடுக்காதீர்கள். மாத்திரை என்றால் டாக்டர் சீட்டோடு கொடுங்கள், சிறை மருத்துவர் பார்த்துத்தான் உள்ளே போகும்.

நான் சொல்வது, பொருளைவிடப் பணம் கட்டுங்கள். சிறைவாசி பெயரில் கணக்கு இருக்கும், அதில் கட்டினால் உள்ளே கேண்டீனில் சோப்பு, பிஸ்கட் வாங்கிக்கொள்வார். ரசீது கட்டாயம் வாங்குங்கள். வாசலில் நின்று "நான் உள்ளே கொடுத்துவிடுகிறேன்" என்று சொல்கிற எவரிடமும் ஒரு ரூபாய் கொடுக்காதீர்கள், யூனிபாரம் போட்டிருந்தாலும் சரி.

பீடிக்கட்டு, சிம் கார்டு என்று யாராவது உங்கள் பையில் வைக்கச் சொன்னால் அந்தப் பக்கமே திரும்பாதீர்கள். தடை செய்த பொருளை உள்ளே கொண்டுபோனால் ஆறு மாதம் வரை சிறை என்று அந்த 1894-ம் வருடச் சட்டத்திலேயே 42-வது பிரிவு இருக்கிறது. கஞ்சா என்றால் அதற்குத் தனிச் சட்டம்.

சோதனை என்ற பெயரில் எல்லோர் முன்னாலும் தடவிப் பார்க்கிறார்கள். இது சரியா?

சோதனை செய்யலாம், இப்படிச் செய்யக் கூடாது. சந்தேகம் இருந்தால் சோதிக்கலாம், ஆனால் வேறு சிறைவாசி முன்னாலோ வேறு பார்வையாளர் முன்னாலோ சோதிக்கக் கூடாது என்று அதே 1894-ம் வருடச் சட்டத்தின் 41-வது பிரிவிலேயே இருக்கிறது. பெண்ணைப் பெண்தான் தொட வேண்டும். அந்த இடத்தில் குரலை உயர்த்தாமல் "மறைப்புக்குப் பின்னால் பாருங்கள், முழுதாகப் பாருங்கள்" என்று சொல்லுங்கள். பெரும்பாலும் ஒத்துக்கொள்வார்கள். சோதனையே வேண்டாம் என்றால் உங்களை உள்ளே விடாமல் இருக்க அவர்களுக்கு அதிகாரம் உண்டு.

நாலு வயதுக் குழந்தையைக் கூட்டிப் போகலாமா?

விடுவார்கள். பொதுவாக ஒரு நேரத்தில் மூன்று பேர் என்று கணக்கு. கூட்டிப் போக வேண்டுமா என்பது உங்கள் முடிவு. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அப்பா, இந்தப் பக்கம் ரிசீவர், சுற்றிலும் எல்லோரும் ஒரே நேரத்தில் கத்திக்கொண்டிருப்பார்கள். நான் என் அக்கா பையனை ஒரு முறை கூட்டிப்போனேன், அவன் மாமாவிடம் ஒரு வார்த்தை பேசவில்லை, ரிசீவரின் வயரைத்தான் சுற்றிக்கொண்டிருந்தான். ஆனால் தம்பி அந்த மாதம் முழுக்க அதையே சொல்லிக்கொண்டிருந்தான். வீடியோவில் பார்க்க அனுமதி கிடைத்தால் குழந்தைக்கு அது மேல்.

வக்கீல் உள்ளே வந்து பேசுவதை ஜெயில்காரர்கள் பக்கத்தில் நின்று கேட்கலாமா?

பார்க்கலாம், கேட்கக் கூடாது. அதுவும் அந்த 1981 தீர்ப்புதான். வக்காலத்தில், அதாவது வக்கீலை நியமிக்கும் காகிதத்தில், கையெழுத்து வாங்க வக்கீலே போக வேண்டும் என்பதில்லை, சிறை வழியாகவே வாங்கலாம்.

கணவர் ஆயுள் தண்டனை. ஒன்பது வருடமாகக் கண்ணாடி வழியாகத்தான். குழந்தை இல்லை. கேட்கவே கூச்சமாக இருக்கிறது…

கூச்சப்பட ஒன்றுமில்லை அம்மா, உயர் நீதிமன்றத்திலேயே கேட்டிருக்கிறார்கள். பஞ்சாபில் 2022-லிருந்து கணவன் மனைவி தனியாக இருக்கச் சிறைக்குள் அறை கொடுக்கிறார்கள். இங்கே கிடையாது. இங்கே வழி என்றால் விடுப்பு, நம் ஆட்கள் பரோல் என்று சொல்வது. 2018 ஜனவரியில் மதுரைக் கிளை, பாளையங்கோட்டையில் இருந்த ஓர் ஆயுள் சிறைவாசிக்கு இந்தக் காரணத்துக்காகவே இரண்டு வாரம் விடுப்பு கொடுத்தது. அப்புறம் 2022-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, சேர்ந்து வாழ்வதற்கு என்று மட்டும் விடுப்பு கேட்க முடியாது, குழந்தை இல்லாதவர்கள் அதற்கான சிகிச்சைக்காகக் கேட்கலாம் என்று கோடு போட்டது. அதனால் டாக்டர் காகிதம்தான் உங்களுக்கு ஆதாரம். கண்காணிப்பாளருக்கு மனு கொடுங்கள், நன்னடத்தை அலுவலர் வீட்டுக்கு வந்து விசாரிப்பார், அவர் வரும் நாளில் வீட்டில் இருங்கள்.

அப்பா இன்று காலை இறந்துவிட்டார். அண்ணன் உள்ளே.

தண்டனைக் கைதியா விசாரணைக் கைதியா என்பதைப் பொறுத்தது. தண்டனைக் கைதி என்றால் 1982-ம் வருடத் தண்டனை நிறுத்திவைப்பு விதிகளில் அவசர விடுப்பு இருக்கிறது, நேராகச் சிறைக்குப் போங்கள். விசாரணை என்றால் ஜெயிலால் விட முடியாது, கோர்ட்டில் இடைக்கால ஜாமீனோ போலீஸ் காவலோடு போய்வர அனுமதியோ கேட்க வேண்டும், வக்கீலை உடனே எழுப்புங்கள். இறப்புச் சான்றிதழ் வரக் காத்திருக்காதீர்கள், ஆஸ்பத்திரிச் சீட்டோ வி.ஏ.ஓ. கடிதமோ போதும். உள்ளூர் ஸ்டேஷனுக்கும் ஒருவரை அனுப்புங்கள், அங்கே இருந்து உண்மைதான் என்று சொன்னால்தான் வேகமாக நடக்கும்.

குண்டாஸ் போட்டுவிட்டார்கள். இனி மனு பார்க்க முடியாதா?

முடியும். குண்டாஸும் தடுப்புக்காவல்தான், மேலே சொன்ன வாரத்துக்கு இரண்டு முறை என்பதே தடுப்புக்காவல் வழக்கில் வந்ததுதான். பார்க்கும்போது நலம் விசாரிப்பதோடு ஒரு வேலையும் செய்யுங்கள்: தடுப்பு உத்தரவும் அதோடு கொடுத்த காகிதக் கட்டும் அவருக்குப் புரிகிற மொழியில் கிடைத்ததா, எந்தத் தேதியில் கிடைத்தது என்று கேட்டு வக்கீலிடம் சொல்லுங்கள். விடுதலை கேட்டு உயர் நீதிமன்றத்தில் போடும் ஆட்கொணர்வு மனுவில் பாதி வழக்குகள் இந்தத் தேதியிலும் மொழிபெயர்ப்பிலும்தான் நிற்கும். தடுப்பு உத்தரவு சரியா என்று பார்க்கும் அறிவுரைக் குழு முன்னால் வக்கீல் வர உரிமை இல்லை, அதனால் அவர் தானே என்ன பேச வேண்டும் என்பதையும் முன்கூட்டிச் சொல்லிவையுங்கள்.

தம்பி குவைத் சிறையில் இருக்கிறான்.

அங்கே போய்ப் பார்ப்பதற்கு முன் இந்தியத் தூதரகம் மூலமாகப் போங்கள். 1963 வியன்னா ஒப்பந்தப்படி தூதரக அதிகாரி அவரைப் பார்க்கலாம். வெளியுறவுத் துறையின் "மதத்" (MADAD) என்ற புகார் இணையதளத்தில் பாஸ்போர்ட் எண்ணோடு புகார் பதிவு செய்யுங்கள், சென்னையில் அயலகத் தமிழர் நல ஆணையரகத்திலும் ஒரு மனு கொடுங்கள்.

மூன்று முறை போனேன். உள்ளே இருந்து "பார்க்க இஷ்டமில்லை" என்று பதில் வருகிறது. ஜெயிலில் பொய் சொல்கிறார்களா?

சொல்லியிருக்கலாம், ஆனால் பெரும்பாலும் உண்மையாகத்தான் இருக்கும். வர மறுத்தால் இழுத்து வர முடியாது. என் தம்பியும் ஒரு வாரம் வரவில்லை. நாங்கள் அடித்துவிட்டார்கள் என்று பயந்து வக்கீலை அனுப்பினோம். அவனுக்கு மெட்ராஸ் ஐ, கண் வீங்கி இருந்ததாம், அம்மா பார்த்தால் அழுவாள் என்று வராமல் இருந்திருக்கிறான். நீங்களும் ஒரு முறை வக்கீலையோ சட்ட உதவித் தன்னார்வலரையோ அனுப்பி ஆளை நேரில் பார்த்துவிட்டு வரச் சொல்லுங்கள், உடம்பு சரியாக இருக்கிறது என்றாவது தெரியும். நடுவில் ஒரு இன்லேண்டு லெட்டர் போடுங்கள், பதிவேட்டில் இருக்கிற அதே பெயர், கைதி எண்ணோடு. கேஸ் பற்றி ஒரு வரி வேண்டாம், அவர்கள் படித்துவிட்டுத்தான் உள்ளே கொடுப்பார்கள். ஏன் வரவில்லை என்றும் கேட்க வேண்டாம். மாடு கன்று போட்டது, எதிர் வீட்டில் மாடி எடுக்கிறார்கள் என்கிற மாதிரி வீட்டுச் செய்தியாக எழுதுங்கள்.