கடைக் கணக்கில் தெரியாத எண்ணை எதற்கு வைப்பது? 'விட' எங்கே இருக்கிறது என்று பாருங்கள்

ஏழாம் வகுப்பு படிக்கும் மகள், சமன்பாட்டை நேராகக் கொடுத்தால் உடனே போட்டுவிடுகிறாள், அதையே கடையில் நோட்டும் பேனாவும் வாங்கியதாக வார்த்தையில் கேட்டால் திகைத்து உட்கார்ந்துவிடுகிறாள், என்ன செய்வது என்று கேட்டிருக்கிறீர்கள். மாலையில் எங்கள் தெருப் பிள்ளைகளுக்குக் கணக்கு சொல்லித்தருகிறேன், என்னிடம் வருகிறவர்களில் நிறைய பேருக்கு இதே சிக்கல்தான். உங்கள் மகளுக்குக் கணக்கு நன்றாகவே வருகிறது. எதைத் தெரியாத எண்ணாக வைப்பது என்பதில்தான் நிற்கிறாள், அதைப் பெரும்பாலும் கேள்வியின் தமிழே காட்டிக்கொடுத்துவிடும்.

ஒரு கணக்கு: பேனாவைவிட நோட்டு 10 ரூபாய் அதிகம். 3 நோட்டும் 2 பேனாவும் சேர்த்து 130 ரூபாய். ஒவ்வொன்றும் என்ன விலை?

'விட' எந்தச் சொல்லோடு ஒட்டியிருக்கிறது? பேனாவோடு. அப்படியானால் பேனாவின் விலைதான் க. நோட்டு க + 10. (பள்ளியில் எக்ஸ் என்பார்கள், எந்த எழுத்தானாலும் சரி, பேனாவுக்கு 'பே' என்று மட்டும் வைக்க வேண்டாம், அந்த எழுத்து பேனாவையே குறிக்கிறது என்று குழந்தை நினைத்துக்கொள்ளும்.) நான் முதல் வரியாக 'க = ஒரு பேனாவின் விலை, ரூபாயில்' என்று முழுசாக எழுதச் சொல்வேன். வெறுமனே 'க = பேனா' என்று எழுதினால் அழிக்கச் சொல்லிவிடுவேன், ஏனென்றால் அப்படி எழுதுகிற பிள்ளைக்கு 2க என்பது இரண்டு பேனாவாகிவிடுகிறது, இரண்டு பேனாவின் விலை என்று தோன்றுவதில்லை.

சரி, 3(க + 10) + 2க = 130. அதாவது 5க + 30 = 130, க = 20. பேனா 20, நோட்டு 30.

போன வாரம் ஒரு பையன் நோட்டுக்கு க, பேனாவுக்கு க + 10 என்று மாற்றி வைத்துவிட்டான். 'அதிகம்' என்ற சொல்லைப் பார்த்ததும் கூட்டல் போடத் தோன்றியிருக்கிறது, எதோடு கூட்டுவது என்று பார்க்கவில்லை. அவனுக்கு நோட்டு 22, பேனா 32 என்று வந்தது. கூட்டிப் பார்த்தான், 66 + 64, சரியாக 130! விடை சரி என்று நோட்டை மூடப் போனான். கேள்வியின் முதல் வரியை மறுபடி படிக்கச் சொன்னேன். பாதி படிக்கும்போதே "ஐயோ, நோட்டுதானே அதிகம்" என்றான். அதனால் சரிபார்க்கும்போது மொத்தத் தொகையோடு நிறுத்தக் கூடாது, கேள்வியில் உள்ள ஒவ்வொரு வாக்கியத்திலும் விடையைப் போட்டுப் பார்க்க வேண்டும்.

'போல்' வந்தாலும் இதே வழிதான். தக்காளியைப்போல் வெங்காயம் இரண்டு மடங்கு விலை என்றால் தக்காளி க, வெங்காயம் 2க.

இந்தச் சொற்கள் இல்லாத கணக்கும் வரும். 10 ரூபாய் பேனாவும் 5 ரூபாய் பென்சிலும் சேர்த்து 12 வாங்கினேன், 85 ரூபாய் ஆனது என்றால் விலைகள் தெரியும், எண்ணிக்கைதான் தெரியாது. பேனாக்கள் க, மீதி 12 − க பென்சில்கள். 10க + 5(12 − க) = 85, க = 5.

பெரியவர்களே தடுமாறுவது தள்ளுபடியில். 'குறித்த விலையில் 20% தள்ளுபடி போக ஒரு சட்டை 480 ரூபாய், குறித்த விலை என்ன?' நிறைய பேர் 480க்கு 20% கண்டு, அந்த 96ஐக் கூட்டி 576 என்பார்கள். இங்கே 'இல்' எதோடு இருக்கிறது பாருங்கள், குறித்த விலையோடு. 20% அதில்தான் எடுக்க வேண்டும், ஆகவே அதுதான் க. க − 0.2க = 480, அதாவது 0.8க = 480, க = 600. 576 தவறு என்று அவளே கண்டுபிடிக்கட்டும், அதில் 20% கழித்துப் பார்க்கச் சொல்லுங்கள், 460.80 வரும். கடைக்காரர் வாங்கியதோ 480.

இது பிடிபட்டதும் ஒரு கடை பில்லைக் கையில் கொடுங்கள். 18% ஜிஎஸ்டி சேர்த்து 1180 ரூபாய் என்றால் வரிக்கு முன் விலை என்ன என்று கேளுங்கள். 967.60 என்று சொன்னால் 1180இலேயே 18% கழித்திருக்கிறாள், 1000 என்று சொன்னால் எதற்கு க வைத்தாய் என்று கேட்டுப் பாருங்கள்.